மாவாகிப்போன ஆப்பிளுக்கு இட்லிக் கொப்பரையும் மிக்சியும்

எங்கள் இராமநாதபுரம் கரையில் ஆப்பிள் பசிக்கு வாங்கும் பழம் அல்ல. ஆஸ்பத்திரியில் படுத்திருப்பவரைப் பார்க்கப் போனால் ஒரு கிலோ, நிச்சயதார்த்தத் தட்டுக்கு ஒரு வரிசை, ஆயுத பூஜைக்கு இரண்டு என்றுதான் வாங்குவோம். கொடுப்பவரும் ருசி பார்ப்பதில்லை, வாங்கிக்கொள்பவரும் அன்றைக்கே வெட்டுவதில்லை. எங்கள் ஊர் வெக்கையிலும் ஈரக்காற்றிலும் ஒரு வாரம் கிடந்தால் போதும். தோலின் பளபளப்பு அப்படியே இருக்க, உள்ளே மாவாகிவிடும். கடித்தால் சத்தமும் வராது, சாறும் வராது. பிள்ளைகள் ஒரு கடி கடித்து வைத்துவிட்டு எழுந்து போய்விடுவார்கள். மிச்சம் ஆட்டுக்குத்தான்.

அப்பத்தாவுக்குக் கண்புரை அறுவை சிகிச்சை ஆனபோது எங்கள் வீட்டில் இப்படி ஒரு கூடை சேர்ந்துவிட்டது. பார்க்க வந்தவர்கள் எல்லாரும் பேசிவைத்துக்கொண்டு வாங்கினார்களோ என்னவோ, அத்தனையும் ஒரே சிவப்பு. அப்பத்தாவுக்கோ வாயில் பல் என்று சொல்ல ஒன்றும் கிடையாது. அதனால் மிக்சியை இறக்கினேன். ஆப்பிளை வேகவைத்து மசித்து ஆப்பிள் சாஸ் என்று மேல்நாட்டில் செய்வதைப் பல விதமாகச் செய்து பார்த்து, நம் அடுப்பங்கரைக்கு எது ஒத்துவருகிறது என்று தெரிந்துகொண்ட பிறகு இது எங்கள் வீட்டு வழக்கமாகிவிட்டது.

முதலில் ஒன்றை அடித்துச் சொல்கிறேன். இதற்கென்று நல்ல ஆப்பிள் வாங்காதீர்கள். நறுக்கென்று கடிபடும் பழத்தைக் கடித்தே தின்னுங்கள். மாவாகிப்போனதுதான் சாஸுக்குச் சரியான சரக்கு. வெளியூர்க் குறிப்புகள் எல்லாம் புதுப் பழம், உறுதியான பழம் என்று எழுதுகின்றன. தோட்டத்தில் பறித்து மறுநாள் சமைக்கிறவர்களுக்கு அது சரி. ஏறத்தாழ 3,000 கிலோமீட்டர் லாரியில் வந்து, மதுரை மாட்டுத்தாவணியில் இறங்கி, மறுபடி வண்டியேறி எங்கள் கடைக்கு வரும் பழத்துக்கு அந்தச் சட்டம் பொருந்தாது. பழக்கடை அண்ணாச்சியிடம் ஒருநாள், "கடித்தால் மாவாக இருக்கிற பழம் இருந்தால் தாருங்கள், விலையைக் குறைத்துக்கொள்ளுங்கள்" என்று கேட்டேன். "இல்லாததைக் கேட்டால் தேடி எடுக்கலாம் தாயி. இருப்பது பூராவும் அதுதானே" என்றார். விலையை மட்டும் குறைக்கவில்லை.

மாவாவதற்குக் காரணம் இருக்கிறது. பழத்தின் சதை கண்ணுக்குத் தெரியாத சின்னச் சின்ன அறைகளால் ஆனது. அறைக்கும் அறைக்கும் நடுவில் பெக்டின் என்னும் பசை, செங்கல்லுக்கு நடுவே சாந்து போல, பிடித்துக்கொண்டிருக்கிறது. புதுப் பழத்தைக் கடிக்கும்போது செங்கல்லே உடைந்து உள்ளிருக்கும் சாறு தெறிக்கிறது. பழம் கிடக்கக் கிடக்கச் சாந்து இளகிவிடுகிறது. அப்புறம் கடித்தால் செங்கல் உடையாமல் ஒவ்வொன்றாகக் கழன்று வருகிறது. சாறு உள்ளேயே அடைபட்டுக் கிடக்கிறது. நாக்குக்கு அது வறண்ட மாவாகத் தெரிகிறது. சாஸ் காய்ச்சுவது என்பதே சூட்டில் அந்தச் சாந்தைக் கரைக்கும் வேலைதான். அதில் பாதியை வெக்கை முன்பே முடித்து வைத்துவிட்டது. புதுப் பழம் ஆவியில் குழைய கால் மணி நேரம் பிடித்தால், இது பத்து நிமிடத்துக்குள் குழைகிறது. அடைபட்ட சாற்றை மிக்சியின் பிளேடு வெளியே எடுத்துவிடும்.

ஆனால் ஒன்று குறையும், புளிப்பு. ஆப்பிளில் இருக்கும் மாலிக் அமிலம் பழம் கிடக்கும் நாளுக்குத் தக்கபடி கரைந்துகொண்டே போகிறது. அதுவும் நமக்கு வருபவை பெரும்பாலும் பிறப்பிலேயே புளிப்புக் குறைந்த டெலிஷியஸ் வகைகள். சாமுவேல் ஸ்டோக்ஸ் என்ற அமெரிக்கர் 1916-ஐ ஒட்டி இமாசலத்தின் கோட்கர் பகுதியில் ரெட் டெலிஷியஸ் கன்றுகளை நட்டார். அதற்கு முன்பே குலுப் பள்ளத்தாக்கில் ஆங்கிலேயர் நட்ட ஆப்பிள்கள் இருந்தன. அவை புளிப்பு வகைகள். இனிப்பு ஆப்பிள் வந்த பிறகுதான் இந்தியச் சந்தை பிடித்துக்கொண்டது. சாஸுக்கு உண்மையில் புளிப்பு வகைதான் மேல். இங்கிலாந்தில் இதற்கென்றே பிராம்லி என்ற ஆப்பிள் இருக்கிறது. பச்சையாகத் தின்றால் பல் கூசும், வெந்தால் தானாகக் குழைந்துவிடும். அந்தப் புளிப்பை இங்கே எலுமிச்சம்பழத்தைக் கொண்டு ஈடுகட்ட வேண்டியதுதான். ஒரு கிலோவுக்கு ஒரு மேசைக்கரண்டிச் சாறு, அதாவது நல்ல சாறுள்ள பழத்தில் அரைமூடிக்குக் கொஞ்சம் மேலே.

பழத்தின் மேல் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரையும் ஒரு கண் பாருங்கள். இறக்குமதிப் பழமானால் நான்கு இலக்க எண் ஒன்று இருக்கும். 4017 என்றால் கிரானி ஸ்மித், கடைகளில் கிரீன் ஆப்பிள் என்று விற்பது, நல்ல புளிப்பு. 4131 ஃபியூஜி, தேன் இனிப்பு. 4016 ரெட் டெலிஷியஸ். கூடையில் ஒரே ஒரு பச்சை ஆப்பிள் கலந்தாலே சாஸின் சுவை நிமிர்ந்துவிடும். எலுமிச்சையையும் பாதியாகக் குறைத்துக்கொள்ளலாம். எண்ணே இல்லாமல் தங்க எழுத்தில் ஏதோ எழுதியிருக்கும் ஸ்டிக்கர்களும் உண்டு. அவை அழகுக்கு ஒட்டியவை, அவற்றை நம்பி ஒன்றும் முடிவு செய்ய வேண்டாம்.

மாவாகிப்போனது வேறு, அழுகியது வேறு. அடிபட்டுக் கன்றிய பழுப்பு இடத்தை வெட்டி எறிந்துவிட்டு மற்றதை எடுத்துக்கொள்ளலாம். நீலமோ பச்சையோ பூஞ்சணம் பூத்திருந்தால், காம்புக் குழிக்குள் சாம்பல் நிறத்தில் பொடி தெரிந்தால், முழுப் பழத்தையும் தூக்கி எறிந்துவிட வேண்டும். அந்தப் பூஞ்சை பாட்டுலின் என்ற நஞ்சை உண்டாக்கும். வேகவைத்தால் பூஞ்சை சாகுமே தவிர, அது விட்டுச்சென்ற நஞ்சு முழுவதும் போகாது. விலை கொடுத்து வாங்கியதாயிற்றே என்று பார்க்கும் பெரியவர்கள் எல்லா வீட்டிலும் இருக்கிறார்கள். இந்த ஒரு விஷயத்தில் மட்டும் அவர்கள் பேச்சைக் கேட்க வேண்டாம்.

பழத்தை வெதுவெதுப்பான தண்ணீரில் தேய்த்துக் கழுவினேன். தோலை நகத்தால் சுரண்டினால் வெள்ளையாக மெழுகு திரண்டு வருகிறதா என்று பார்த்தேன், வந்தது. அது உண்ணத்தக்க மெழுகுதான், பழம் வாடாமல் இருக்கப் பூசுவது. ஆனாலும் நான் தோலைச் சீவிவிடுகிறேன். காரணம் மெழுகு அல்ல, மிக்சி. மேல்நாட்டில் தோலோடு வேகவைத்து, கையால் சுழற்றும் மசிப்பானில் வடித்து எடுப்பார்கள். தோல் மேலே தங்கிவிடும். நம் மிக்சியில் போட்டால் தோல் சின்னச் சின்னச் சிவப்புத் துணுக்குகளாகி மசியல் முழுவதும் கலந்துவிடும். பல் இல்லாத வாயில் அது ஈறுக்கடியில் போய் உட்கார்ந்துகொண்டு பாடாய்ப் படுத்தும். தோலில் பெக்டின் அதிகம், நிறமும் அழகாக இளஞ்சிவப்பாக வரும் என்பதற்காகத் தோலோடு செய்கிறவர்கள், அரைத்த பிறகு ஒரு முறை கம்பி வடிகட்டியில் வடித்துக்கொள்ளலாம்.

விதையை மட்டும் ஒன்றுகூட விடாமல் எடுத்துவிடுங்கள். ஆப்பிள் விதையில் அமிக்டலின் இருக்கிறது. விதை நசுங்கினால் அதிலிருந்து சயனைடு உருவாகும். முழு விதை ஒன்றை விழுங்கினால் ஒன்றும் ஆகாது. மிக்சி என்பது விதையை நசுக்கவென்றே இருக்கும் கருவி, அதனால்தான் சொல்கிறேன். நான்கு துண்டாக வெட்டி, நடுத்தண்டைச் சாய்வாக ஒரே வீச்சில் சீவினால் விதையும் அதைச் சுற்றியுள்ள நார்த்தோலும் சேர்ந்து வந்துவிடும். ஒரு கிலோவில் தோலும் தண்டும் போக முக்கால் கிலோவுக்குச் சற்று மேலே தேறும். மசித்தால் ஏறக்குறைய மூன்று தம்ளர்.

இனி தண்ணீர். குறிப்புகள் எல்லாம் 'அரைக் கப் தண்ணீர் விட்டு மூடி வேகவிடவும்' என்று சுலபமாக முடித்துவிடும். எங்கள் பக்கத்தில் அந்த அரைக் கப்தான் வம்பு. காவிரிக் கூட்டுக் குடிநீர் வருகிற நாள் என்றால் கவலையில்லை. மற்ற நாளில் குழாயைத் திறந்தால் வருவது போர்த் தண்ணீர், உவர்ப்பு. குழம்பில் அது தெரியாது; புளியும் மிளகாயும் மறைத்துவிடும். ஆப்பிளில் மறைக்க ஒன்றும் இல்லை, முதல் கரண்டியிலேயே கடைவாயில் ஒரு கரிப்புத் தட்டும். கேன் தண்ணீர் விடலாம். ஆனால் தண்ணீரே விடாமல் செய்ய வழி இருக்கும்போது கேனைத் திறப்பானேன்?

இட்லிக் கொப்பரைதான் அந்த வழி. ஆவியோடு உப்பு மேலே ஏறாது. அதனால் அடியில் எந்தத் தண்ணீர் கொதித்தாலும் பழத்துக்கு வந்து சேர்வது நல்ல நீராவிதான். கொப்பரையின் அடியில் வெள்ளைப் படலம் கட்டாமல் இருக்க, சாறு பிழிந்த எலுமிச்சை மூடியை அதற்குள்ளேயே போட்டுவிடுவேன். புளிக்கோதும் போடலாம். பழத்தை இட்லித் தட்டில் நேராக அடுக்கக் கூடாது. ஆப்பிளில் நூற்றுக்கு 85 பங்கு தண்ணீர்தான்; வேகும்போது இறங்கும் சாறு ஓட்டை வழியாகக் கீழே ஒழுகிப் போய்விடும். வாய் அகன்ற எவர்சில்வர் கிண்ணத்தில் துண்டுகளைப் போட்டு, எலுமிச்சைச் சாற்றை மேலே தெளித்துப் புரட்டி, கிண்ணத்தை ஒரு தட்டால் மூடி உள்ளே இறக்கினேன். தட்டு எதற்கென்றால், கொப்பரை மூடியிலிருந்து சொட்டும் ஆவித்தண்ணீர் பழத்தில் விழாமல் இருக்க. விழுந்தால் கெட்டுவிடாது, மசியல் நீர்த்துவிடும்.

பத்து நிமிடம் கழித்துத் தட்டைத் தூக்கினால் துண்டுகள் வெளுத்து, ஓரம் கண்ணாடியாகத் தெரியும். அடியில் பொன்னிறத்தில் ஒரு கரண்டிச் சாறு தேங்கியிருக்கும். தென்னை ஈர்க்கு ஒன்றை எடுத்துத் தடித்த துண்டாகப் பார்த்துக் குத்தினேன். வேகாத பழத்தில் ஈர்க்கு நடுவில் போய் நிற்கும். வெந்தது என்றால் தடங்கல் இல்லாமல் அடிவரை இறங்கும், வெளியே இழுக்கும்போது துண்டே இரண்டாகப் பிளந்துகொள்ளும். அதுதான் பதம். அதற்கு மேல் விட்டால் வாசனைதான் ஆவியோடு போகும். தேங்கிய சாற்றைக் கொட்டிவிடாதீர்கள், மணம் முழுக்க அதில்தான் இருக்கிறது.

அவசரத்துக்குக் குக்கரும் ஆகும். அதே கிண்ணம், அதே மூடி, ஒரு விசில், அடுப்பை அணைத்து ஆவி தானாக அடங்கும்வரை விட்டால் போதும். இரண்டு விசில் வைத்தும் பார்த்தேன். மசிக்காமலேயே கூழாகிவிட்டது, ஆனால் ஆப்பிள் வாசனை போய் வெந்த பூசணி வாசனை அடித்தது. எனக்குக் கொப்பரைதான் பிடித்திருக்கிறது.

மிக்சிக்கு வருவோம். இங்கே கடலோரத்தில் மிக்சிக்கென்று தனி நோய் ஒன்று உண்டு. உப்புக்காற்றில் ஜாரின் அடிப்பக்கத்துத் தண்டு துருவேறி, தண்டைப் பிடித்திருக்கும் புஷ் என்ற வளையம் தேய்ந்து, அரைக்கும்போது கறுப்பாக எண்ணெய்ப் பிசுக்குக் கசியும். சட்னியில் அது கண்ணுக்குத் தெரியாமல் கலந்துபோகும். ஆப்பிள் மசியல் வெளிர் மஞ்சள், ஒரு சொட்டு கறுப்பும் காட்டிக் கொடுத்துவிடும். அதனால் முதலில் வெறும் ஜாரில் கொஞ்சம் சுடுதண்ணீர் விட்டு ஒரு சுற்றுச் சுற்றி, வெள்ளைக் கிண்ணத்தில் ஊற்றிப் பார்த்துவிடுவது நல்லது. கிண்ணத்தின் அடியில் சாம்பல் நிறம் தெரிந்தால் அந்த ஜாரை ரிப்பேர் கடைக்கு அனுப்பிவிட்டு வேறு ஜாரை எடுங்கள். பிளேடோடு புஷ்ஷை மாற்றுவது பெரிய செலவு இல்லை.

வெந்த பழத்தைச் சுடச்சுட ஜாரில் போட்டு மூடியை அழுத்திச் சுற்றினால் ஆபத்து. பிளேடு சுழன்றதும் உள்ளே அடைபட்ட நீராவி சட்டென்று விரிந்து மூடியைத் தள்ளிவிடும். கொதிக்கும் மசியல் முகத்தில் தெறிக்கும். ரசத்துக்குத் தக்காளி அரைத்த யாரும் இதை அறிவார்கள். பத்து நிமிடம் ஆறவிட வேண்டும், கை பொறுக்கும் சூட்டுக்கு வர வேண்டும், ஜாரில் பாதிக்கு மேல் நிரப்பக் கூடாது. அப்படியும் அவசரம் என்றால் மூடியை லேசாக விட்டு, மேலே மடித்த துணியை வைத்துக் கையால் அழுத்திக்கொண்டு சுற்றலாம்.

வேகம் ஒன்று, இரண்டு, மூன்று என்று எதுவுமே வேண்டாம். குமிழை இடப்பக்கம் திருப்பினால் விப் என்று ஒன்று இருக்கிறதே, அது போதும். கையை எடுத்தால் நின்றுவிடும். இரண்டு நொடி சுற்று, நிறுத்து, ஜாரைக் கழற்றி ஒரு முறை குலுக்கு, மறுபடி இரண்டு நொடி. முதல் சுற்றில் துண்டுகள் ஜாரில் மோதும் சத்தம் தடதடவென்று கேட்கும். அது அடங்கி, சளசளவென்று ஒரே சீரான சத்தம் வந்ததும் நிறுத்திவிடலாம். அந்த நேரத்தில் மசியல் ரவை ரவையாக, கரண்டியில் அள்ளினால் குவிந்து நிற்கும். இன்னும் ஒரு நிமிடம் முழு வேகத்தில் ஓட்டினால் என்ன ஆகிறது என்று வேண்டுமென்றே ஒரு ஈடு ஓட்டிப் பார்த்தேன். காற்று உள்ளே புகுந்து வெளுத்து, நுரை தட்டி, பவுடர் பால் கரைத்த நிறத்துக்கு வந்துவிட்டது. குழந்தைக்கு ஊட்ட அது வழவழப்பாக இருக்கும். பெரியவர்களுக்கு வாயில் ஏதாவது தட்டுப்பட வேண்டும். மாலை நேரத்தில் வோல்டேஜ் குறைந்து மிக்சி முனகினால் விட்டுவிடுங்கள். கெட்டியான மசியலில் மோட்டார் திணறிச் சூடேறினால் தானே நின்றுவிடும். பயப்பட வேண்டாம். பத்து நிமிடம் ஆறவிட்டு அடியில் இருக்கும் சிவப்புப் பொத்தானை அழுத்தினால் மறுபடி ஓடும்.

வேகவைக்காமலும் செய்யலாம். வேகாத ஆப்பிள் துண்டுகள், எலுமிச்சைச் சாறு, இரண்டு கரண்டித் தண்ணீர். மிக்சியில் ஒரு நிமிடம், வேலை முடிந்தது. வேகம் என்று பார்த்தால் இதை மிஞ்ச ஒன்றும் இல்லை. பச்சை வாசனை நன்றாகத்தான் இருக்கும். ஆனால் நிறம் நிற்காது. வாழைப்பூவை ஆய்ந்ததும் மோர்த் தண்ணீரில் போடுகிறோம் அல்லவா, அதே கதைதான் இங்கேயும். வெட்டுப்பட்ட இடத்தில் பாலிஃபீனால் ஆக்ஸிடேஸ் என்ற நொதி காற்றோடு சேர்ந்து பழுப்பு நிறத்தை உண்டாக்குகிறது. வாழைப்பூவுக்கும் வாழைக்காய்க்கும் ஆப்பிளுக்கும் கத்தரிக்காய்க்கும் ஒரே நொதிதான். புளிப்பு அதன் வேகத்தைக் குறைக்கும், சூடுதான் அதை முழுவதும் முடக்கும். மிக்சியோ பழத்தை முழுக்க வெட்டி முழுக்கக் காற்றையும் கலக்கிவிடுகிறது. எலுமிச்சை விட்டும் பச்சை மசியல் அரை மணி நேரத்தில் மங்கத் தொடங்கிவிட்டது. வேகவைத்தது சாயங்காலம் வரை அதே மஞ்சளில் இருந்தது. அரைத்த கையோடு தின்பதானால் பச்சையாக அரையுங்கள், வைத்திருப்பதானால் ஆவியில் வைத்து எடுங்கள்.

முதல் கிண்ணத்தை அப்பத்தாவிடம் கொடுத்தபோது சர்க்கரைகூடப் போடவில்லை. வாயில் வைத்து, சப்புக்கொட்டி, கொஞ்ச நேரம் என்னையே பார்த்தார். "ஏன் ஆத்தா, பல் இல்லாதவளுக்கு நாக்குமா இல்லை?" என்று கேட்டார். பிறகு தானே எழுந்து வந்து, சாயல்குடிக் கருப்பட்டியில் ஒரு துண்டு உடைத்து, சுக்கைத் தட்டிப் போட்டு, ஒரு சிட்டிகை உப்பும் சேர்க்கச் சொன்னார். உப்பு விஷயத்தில் அவர் சொன்னது முழுக்கச் சரி. அந்த ஒரு சிட்டிகைதான் இனிப்பைத் தூக்கிக் காட்டுகிறது. கருப்பட்டியில் எனக்கு மாறுபட்ட கருத்து உண்டு. சுவை நன்றாக இருக்கிறது, ஆனால் அது கருப்பட்டிச் சுவை. ஆப்பிள் எங்கேயோ பின்னால் நிற்கிறது, நிறமும் கறுத்துவிடுகிறது. ஆப்பிளும் தெரிய வேண்டும் என்றால் பனங்கற்கண்டைப் பொடித்துப் போடுவதுதான் பொருத்தம். எதைப் போட்டாலும் கொஞ்சம் தண்ணீரில் கரைத்து வடிகட்டிய பிறகு போடுங்கள். மண் இல்லாத கருப்பட்டியை நான் இன்னும் பார்க்கவில்லை. சுக்குக்குப் பதில் பட்டை போடுவதானால் இலங்கைச் சுருள் பட்டை மென்மையாக மணக்கும். பிரியாணிக்குப் போடும் தடித்த பட்டை இதற்கு முரடு. இன்றுவரை எங்கள் வீட்டில் இரண்டு கிண்ணமாகத்தான் பிரிகிறது, அப்பத்தாவுக்குக் கறுப்பு, மற்றவர்களுக்கு மஞ்சள்.

எதற்குத் தொட்டுக்கொள்வது என்றால், ஜெர்மனியில் உருளைக்கிழங்கைத் துருவிச் சுட்ட அடையோடு சாப்பிடுகிறார்கள். இங்கிலாந்தில் பன்றி வறுவலோடு. நான் ஆப்பத்தோடு வைத்துப் பார்த்தேன், தேங்காய்ப்பாலுக்குப் பக்கத்தில் இது எடுபடவில்லை. மொறுமொறு அடைக்கும் கோதுமைத் தோசைக்கும் நன்றாக ஒத்துப்போகிறது. கேக் சுடும்போது எண்ணெயில் பாதிக்குப் பதிலாக இதை ஊற்றலாம். கேக் ஈரமாக வரும், பஞ்சு போலப் பொங்கி வராது.

குழந்தைக்கென்றால் ஆறு மாதம் முடிந்த பிறகு, ஆவியில் வெந்த மசியல் மட்டும்; சர்க்கரை, உப்பு, கருப்பட்டி எதுவும் வேண்டாம். ஒரு வயதுக்குள் தேன் கூடவே கூடாது. சர்க்கரை நோய் உள்ளவர்கள் ஆப்பிள்தானே என்று தம்ளர் தம்ளராகச் சாப்பிட்டுவிடக் கூடாது. 1977-ல் லான்செட் மருத்துவ இதழில் வந்த ஓர் ஆய்வில் ஒரே அளவு ஆப்பிளை முழுப் பழமாகவும் மசியலாகவும் சாறாகவும் கொடுத்துப் பார்த்தார்கள். மசியல் முழுப் பழத்தைவிட வேகமாக உள்ளே போனது, வயிறு நிறைந்த உணர்வு குறைவாக இருந்தது, இன்சுலினும் கூடுதலாகச் சுரந்தது. மென்று தின்பதற்கு என்று ஒரு பலன் இருக்கத்தான் செய்கிறது. அப்பத்தாவுக்குச் சர்க்கரை இல்லை, அந்தத் தைரியத்தில்தான் கருப்பட்டி.

ஆறியதும் கண்ணாடிப் பாட்டிலில் போட்டு ஃபிரிட்ஜில் வைத்தால் ஐந்தாறு நாள் தாங்கும். பாட்டிலை வெந்நீரில் கொதிக்கவைத்து, ஈரம் போகக் காயவைத்திருக்க வேண்டும். வெளியே வைத்தால் எங்கள் சீதோஷ்ணத்தில் மறுநாள் காலைக்குள் மேலே குமிழ் விட்டுக் கள் வாடை வந்துவிடும். அதை முகர்ந்து பார்த்துக்கொண்டிருக்காமல் கொட்டிவிடுங்கள். நிறையச் செய்தால் ஐஸ் தட்டில் ஊற்றி உறையவைத்து, கட்டிகளைப் பையில் போட்டு ஃபிரீசரிலேயே வைத்துக்கொள்ளலாம். கரண்ட் போய்ப் போய் வரும் நாட்களில் ஒரு முறை உருகியதை மறுபடி உறையவைக்க வேண்டாம்.

இந்தப் பக்கத்தில்தான் செய்ய முடிகிற ஒன்று மிச்சம் இருக்கிறது. இராமநாதபுரம் முண்டு மிளகாய்க்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. குண்டாக, தடித்த தோலோடு இருக்கும் அந்த மிளகாயில் மூன்றை வெந்நீரில் ஊறவைத்து, இரண்டு பல் பூண்டு, உப்போடு விழுதாக அரைத்தேன். ஒரு தம்ளர் ஆப்பிள் மசியலில் கலந்து, அடி கனத்த சட்டியில் சிறு தீயில் கிளறினேன். ஐந்து நிமிடத்தில் கெட்டிப்பட்டு, பொத் பொத்தென்று குமிழ் வெடித்துக் கைமேல் தெறிக்கும். நீளக் கரண்டி வேண்டும். இறக்கி எலுமிச்சை பிழிந்தால் இனிப்பு முதலில், காரம் பிறகு என்று தொண்டைவரை போகிறது. நெத்திலி வறுவலுக்கு இதைத் தொட்டுச் சாப்பிட்ட என் தம்பி, தக்காளி சாஸ் பாட்டிலைத் தொடவே இல்லை. விளைமீன் வறுவலுக்கும் ஆகும். ஒன்று மட்டும் கவனம்: மிளகாய் விழுது அரைக்கும் ஜாரும் குழந்தைக்கு அரைக்கும் ஜாரும் வேறுவேறாக இருக்கட்டும். எத்தனை கழுவினாலும் வாஷருக்கு அடியில் காரம் தங்கியிருக்கும்.